ஆடுகளத்தில் எழும் குரல்

‘விளையாட்டிலே அரசியலைக் கலத்தல் ஆகாது’ என்பது நம் காலத்தில் வேதவாக்குப்போல வழங்கிவரும் ஒரு தொடர். அதனைச் சொல்லுவோர் யாவர், எப்பொழுது சொல்லுகின்றனர் என்பதைச் சற்றே கவனித்தல் நன்று. பாடசாலை இல்ல விளையாட்டுப் போட்டிக்கு ஓர் அமைச்சரோ பாராளுமன்ற உறுப்பினரோ பிரதம விருந்தினராக வருகின்றார். வருகின்றார் என்பதிலும், வருவார் வருவார் என்று நாம் காத்திருக்கின்றோம் என்பதே பொருந்தும். பிள்ளைகள் மாசி வெயிலில் அணிவகுத்து நிற்பர். வந்தவர் கொடியேற்றுவார், தீபம் ஏற்றுவார், தம் கட்சி செய்த நன்மைகளை அரைமணி நேரம் எடுத்துரைப்பார். அங்கே எவரேனும் எழுந்து, ‘ஐயா, விளையாட்டில் அரசியல் வேண்டாம்’ என்று சொன்னதை நான் கண்டதில்லை. ஆனால், ஓடி முதலாவதாக வந்த ஒருவன் பரிசு மேடையில் நின்று, ‘என் சனத்துக்கு நீதி கிடைக்கவில்லை’ என்று ஒரு சொல் சொல்லட்டும். உடனே அத்தொடர் எங்கிருந்தோ பறந்து வந்துவிடும். ஆகவே அது அரசியலை விலக்குவதற்கு எழுந்த தொடர் அன்று. ஒருசாரார் அரசியலை மட்டும் விலக்குவதற்கு எழுந்தது என்றே கொள்ள வேண்டியிருக்கின்றது.

தமிழில் மற்போர் பற்றிய பழைய சித்திரம் ஒன்று புறநானூற்றில் உண்டு. சோழன் போரவைக் கோப்பெருநற்கிள்ளி, தந்தையாகிய தித்தனோடு பிணங்கி, உரிமை இழந்து, ஆமூருக்குப் போய் அங்கிருந்த மல்லன் ஒருவனோடு பொருது அவனை வீழ்த்தினான். சாத்தந்தையார் அவ்வெற்றியைத் தித்தன் காணவேண்டும் என்று விரும்பிப் பாடுகிறார். நக்கண்ணையாரோ, பார்த்து நின்ற ஊரார் இரு கூறாகப் பிரிந்து, வெற்றி அவனதே என்றும், அன்று என்றும் பேசிக்கொண்டதைக் காட்டுகிறார். நம் மாணவர் இப்பாடல்களைத் திணை துறை ஒப்புவிப்பதற்காகப் படித்துப் பரீட்சை மண்டபத்திலேயே மறந்துவிடுகின்றனர். அவன் நீதி கேட்டுத்தான் பொருதான் என்று நான் சொல்ல வரவில்லை. அப்படிச் சொல்வது மூலத்தை விழுங்கிய உரையாகும். அந்த மற்களத்துக்கும் உறையூர் அரண்மனைக்கும் இடையில் மதில் எதுவும் இருக்கவில்லை என்பதுதான் நான் சொல்ல வருவது. அரண்மனையில் நடந்த பிணக்கை அறியாமல் அக்களத்தில் நடந்ததை விளங்கிக்கொள்ள இயலாது. பார்த்தவர்கள் அன்றே இரு கட்சியாகப் பிரிந்துவிட்டார்கள், இன்றைக்கும் அப்படியே.

அண்மைக்கால வரலாற்றுக்கு வருவோம். பல்வங்கர் பாலூ என்னும் பெயரை நம் மாணவர்களுள் அறிந்தவர் மிகச் சிலர். கிரிக்கெட் வீரர்களின் பெயர்களை ஓட்ட எண்ணிக்கையோடு ஒப்புவிக்கும் பிள்ளைகளும் அவரை அறியார். 1876ஆம் ஆண்டில் தார்வாரில் பிறந்தவர். தோற்றொழில் செய்யும் சமார் வகுப்பினர். பூனாவில் வெள்ளையர் விளையாட்டுக் கழகமொன்றில் மாதம் நான்கு ரூபாய்ச் சம்பளத்துக்கு ஆடுதரையை உருட்டிச் செப்பஞ் செய்வதும் வலை கட்டுவதும் அவர் வேலை. அங்கே கிறெய்க் என்னும் ஆங்கிலேயர் துடுப்புப் பயிற்சி பெறுவதற்காகப் பாலூவைப் பந்து வீசச் செய்தார். ஆண்டுக்கணக்காக வீசி வீசி அவ்விளைஞர் இந்தியாவிலேயே தலைசிறந்த இடக்கைப் பந்து வீச்சாளராயினார். அக்கழகத்தில் ஒருநாளாவது துடுப்பைப் பிடித்தாட அவருக்கு இடங்கொடுக்கப்படவில்லை. பந்து வீசுவது ஊழியம். துடுப்பாடுவது துரைமாருக்கு உரியது.

அவரைத் தங்கள் அணியிற் சேர்ப்பதா விடுவதா என்று பூனா இந்துக்களிடையே பெரிய வாதம் நடந்தது. சாதித் தீட்டு ஒருபுறம்; வெள்ளையரை வென்றுவிட வேண்டும் என்ற ஆசை மறுபுறம். ஈற்றில் ஆசை தீட்டை வென்றது. ஆனால் முழுவதும் வெல்லவில்லை. களத்தில் அவர் தொட்ட பந்தை ஏனையோரும் தொட்டனர். அதைத் தொடாமல் ஆட முடியாதல்லவா? தேநீர் இடைவேளை வந்ததும் கதை மாறிவிடும். அவருக்கு மண்டபத்துக்கு வெளியே, குடித்ததும் எறிந்துவிடும் மண்குவளையிலே தேநீர். உணவும் வேறாகவே இருந்து உண்ணவேண்டும். நம் குடாநாட்டுத் தேநீர்க் கடைகளில் ஒரு காலத்தில் என்ன நடந்தது என்பதை அறிந்த வாசகருக்கு இதற்கு உரை வேண்டியதில்லை.

1911ஆம் ஆண்டில் பட்டியாலா மகாராசாவின் தலைமையில் ஓர் இந்திய அணி இங்கிலாந்துக்குச் சென்றது. அச்சுற்றுப்பயணத்தில் பாலூ 114 விக்கெட்டுகளை வீழ்த்தினார். திரும்பி வந்தபின் பம்பாய் இந்துக்கள் அணிக்கு அவரைத் தலைவராக்க வேண்டும் என்ற கோரிக்கை எழுந்தது. ஆண்டுதோறும் எழுந்தது; ஆண்டுதோறும் தள்ளப்பட்டது. திறமையில் அவருக்குக் கீழ்ப்பட்டோர் தலைவராயினர். 1920ஆம் ஆண்டில் அவரை அணியிலிருந்தே விலக்கினர். அணித்தலைவர் நோயுற்றபோது, ஆட்டத்தில் மூத்தவராகிய பாலூவின் தம்பி விட்டல் இருக்க, அவரைத் தாண்டி வேறொருவர் தலைமைக்கு நியமிக்கப்பட்டார். விட்டலும், மற்றொரு சகோதரராகிய சிவராமும், ‘நாங்கள் ஆடோம்’ என்று விலகிக்கொண்டனர். காரணத்தைப் பத்திரிகைகளுக்கு வெளிப்படையாக எழுதினர். தங்களை ஒதுக்கியது திறமைக் குறைவு அன்று, சாதியே என்று மறைக்காமற் சொன்னார்கள். காந்தியடிகளின் ஒத்துழையாமை நாட்டை அசைத்துக்கொண்டிருந்த காலம் அது. பொதுமக்கள் அபிப்பிராயம் சகோதரர் பக்கம் சாய்ந்தது. இறுதியாட்டத்துக்கு அவர்கள் திரும்ப அழைக்கப்பட்டனர். பாலூவும் துணைத்தலைவராகச் சேர்க்கப்பட்டார். 1923இல் விட்டல் அணித்தலைவரானார். அவ்வாண்டு இந்துக்கள் அணி வெற்றியும் பெற்றது.

இந்த வரலாற்றை நான் விரித்தெழுதியதற்குக் காரணம் உண்டு. அமெரிக்கக் கறுப்பின வீரர்களின் எதிர்ப்பைப் பற்றி எழுதுவோர், ஏதோ மேல்நாட்டிலிருந்து நமக்கு இறக்குமதியான புதுப் பழக்கம் இது என்பதுபோல எழுதுகின்றனர். அமெரிக்காவில் கொலின் கப்பர்னிக் என்பவர் 2016ஆம் ஆண்டில் தேசிய கீதத்தின்போது முழந்தாளிட்டார். அதன்பின் எந்த அணியும் அவரை எடுக்கவில்லை. அதற்கு ஏறக்குறைய ஒரு நூற்றாண்டுக்கு முன்னரே, நம் அயல்நாட்டில், செருப்புத் தைக்கும் குலத்தில் வந்த சகோதரர் அதனைச் செய்துவிட்டார்கள். அவர்கள் கல் எடுக்கவில்லை, கடுஞ்சொல் சொல்லவில்லை. தெரிவுக் குழுவினருக்கு அவர்களிடமிருந்து வேண்டியிருந்தவை அவர்களுடைய கைகள் மட்டுமே. அக்கைகளை அவர்கள் மடக்கிக்கொண்டார்கள். ஆடுவோன் ஒருவனிடம் உள்ள ஆயுதம் அவ்வளவுதான்; ஆனால் சாமானியமான ஆயுதம் அன்று.

(பாலூ பிற்காலத்தில் அரசியலுக்கு வந்து, 1937ஆம் ஆண்டுத் தேர்தலில் அம்பேத்கரை எதிர்த்துப் போட்டியிட்டுத் தோற்றார் என்பதையும் சொல்லாமல் விடுவது நேர்மையாகாது. ஒரே துயரத்தை அனுபவித்த இருவர் இரு வழி சென்றனர். அதனால் மண்குவளை பொய்யாகிவிடாது.)

‘தம்பிமார் தமையனுக்காக நின்றார்கள், தம் சாதிக்காகத் தாமே நின்றார்கள், இதில் என்ன வியப்பு?’ என்று ஒருவர் கேட்கலாம். கேள்வி நியாயமானதே. தனக்காகத் தான் நிற்பதும் எளிதன்று; எனினும் பிறனொருவனுக்காக நிற்பது வேறொரு தரத்தது. 1968ஆம் ஆண்டு ஒக்டோபர் 16ஆம் திகதி மெக்சிக்கோ ஒலிம்பிக்கில் 200 மீற்றர் ஓட்டத்தின் பரிசு மேடையில் ரொமி சிமித், யோன் கார்லோஸ் என்னும் இரு கறுப்பின அமெரிக்கர் கறுப்புக் கையுறை அணிந்த கையை உயர்த்தித் தலைகுனிந்து நின்ற படத்தை எல்லாரும் கண்டிருப்பர். அப்படத்தில் மூன்றாவதாக ஒருவர் நிற்கிறார். கை உயர்த்தவில்லை, நேரே பார்த்தபடி நிற்கிறார். அவர் இரண்டாமிடம் பெற்ற பீற்றர் நோர்மன் என்னும் வெள்ளை அவுஸ்திரேலியர். அவருடைய மார்பிலும் மற்றை இருவர் அணிந்திருந்த மனித உரிமைச் சின்னம் இருந்தது. தாமாகவே கேட்டு வாங்கி அணிந்தார். கறுப்பின வீரர் இருவரும் விளையாட்டுக் கிராமத்திலிருந்து வெளியேற்றப்பட்டனர். நோர்மன் 1972ஆம் ஆண்டு ஒலிம்பிக்குக்குத் தெரிவாகவில்லை. 2006இல் அவர் இறந்தபோது சிமித்தும் கார்லோசும் கடல்கடந்து வந்து அவருடைய பேழையைச் சுமந்தனர். 2012இல் அவுஸ்திரேலியப் பாராளுமன்றம் அவரிடம் மன்னிப்புக் கோரிற்று. இறந்து ஆறாண்டு கழிந்தபின் மன்னிப்பு! பாராளுமன்றங்களுக்கு எப்பொழுதும் நேரம் அதிகம்.

இனி, நம் நாட்டுக்கு வருவோம். யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியின் பழைய மாணவராகிய நாகலிங்கம் எதிர்வீரசிங்கம் 1958ஆம் ஆண்டு ரோக்கியோவில் நடந்த ஆசிய விளையாட்டுப் போட்டியில் உயரம் பாய்தலில் 2.03 மீற்றர் பாய்ந்து தங்கப் பதக்கம் பெற்றார். ஆசிய விளையாட்டில் இலங்கைக்குக் கிடைத்த முதல் தங்கம் அதுவே. அப்போட்டிகள் மே 24ஆம் திகதி தொடங்கி யூன் 1ஆம் திகதி முடிந்தன. வாசகர்கள் அத்திகதிகளை நினைவிற் கொள்க. தென்னிலங்கையில் தமிழர் வீடுகளும் கடைகளும் எரிந்து, மே 27ஆம் திகதி அவசரகால நிலை பிரகடனஞ் செய்யப்பட்டதும் அந்த வாரத்திலேதான். அங்கே ஒரு தமிழன் பாய்ந்து நாட்டின் கொடியை உயர்த்துகிறான். இங்கே அக்கொடியின் கீழே அவனுடைய சனம் அகதிகளாகி வடக்குக்குக் கப்பலேறுகிறது. அவர் அன்று என்ன செய்திருக்க வேண்டும் என்று இன்று சாய்மனைக் கதிரையில் இருந்துகொண்டு கேட்பது எளிது. நான் கேளேன். ‘விளையாட்டு வேறு, அரசியல் வேறு’ என்பவர்களிடம் மட்டும் அந்த வாரத்தை எப்படிப் பிரித்துக் காட்டுவீர்கள் என்று கேட்பேன். நம் நகரத்துத் துரையப்பா விளையாட்டரங்கை 1999ஆம் ஆண்டு திருத்துவதற்காகத் தோண்டியபோது மண்ணுக்குள்ளிருந்து மனித எலும்புகள் வெளிப்பட்டனவே. அம்மைதானத்தில் ஆடும் பிள்ளையிடம் எந்தக் கோட்டைக் காட்டி, ‘இதற்கப்பால் அரசியல்’ என்பது?

இலங்கைக் கிரிக்கெட்டின் வரலாற்றில் இதற்கு மறுதலையான அத்தியாயம் ஒன்றும் உண்டு. தென்னாபிரிக்காவின் நிறவெறி ஆட்சியை உலகமே ஒதுக்கி வைத்திருந்த காலத்தில், 1982ஆம் ஆண்டு, பந்துல வர்ணபுரவின் தலைமையில் பதினான்கு இலங்கை வீரர் பணம் பெற்றுக்கொண்டு அங்கே ஆடச் சென்றனர். அவ்வாண்டு பெப்புருவரியிலேதான் இலங்கை தன் முதலாவது டெஸ்ட் போட்டியை ஆடியிருந்தது. வர்ணபுர அதன் தலைவர். கறுத்தவனைக் கறுத்தவன் என்பதற்காக மிதித்த நாட்டில், கறுத்த நாம் போய் ஆடிக் காசு வாங்கினோம். கட்டுப்பாட்டுச் சபை அவர்களுக்கு 25 ஆண்டுத் தடை விதித்தது. பின்னர்க் காலம் முடியுமுன்னே தடை நீக்கப்பட்டது. அக்காலத்தில் நம் வீரர்களுக்குக் கிரிக்கெட்டால் வயிறு நிறையவில்லை என்பதும் உண்மை. ஆதலால் அவர்களை நான் வையமாட்டேன். ஆயினும் எட்டு ஆண்டுகளுக்கு முன், 1974இல், இந்தியா டேவிஸ் கிண்ண ரெனிஸ் போட்டியில் இறுதிவரை முன்னேறி, எதிரணி தென்னாபிரிக்கா என்பதனால் ஆட மறுத்துக் கிண்ணத்தைக் கைவிட்டதையும் இதனோடு வைத்துப் பார்க்கவேண்டும். அந்த அணியில் ஆடியவர் சென்னையைச் சேர்ந்த விஜய் அமிர்தராஜ், ஆனந்த் அமிர்தராஜ் சகோதரர். தீர்மானம் அரசினதும் சங்கத்தினதும், இழப்பு ஆடியவர்களுடையது. கைக்கெட்டிய கிண்ணம் அது.

1999ஆம் ஆண்டு சனவரி 23ஆம் திகதி அடிலெயிட்டில் நடந்ததையும் யாழ்ப்பாணத்தவர் மறக்கலாகாது. முத்தையா முரளிதரன் பந்தை எறிகிறார் என்று நடுவர் எமேர்சன் குற்றங்கண்டபோது, அணித்தலைவர் அர்ச்சுன ரணதுங்க தம் அணி முழுவதையும் எல்லைக்கோட்டுக்கு அழைத்துச் சென்று ஆட்டத்தை நிறுத்தினார். அபராதமும் ஒத்திவைத்த தடையும் அவருக்குக் கிடைத்தன. அது ஆட்ட விதி பற்றிய தகராறு, சமூக நீதி பற்றியதன்று என்பர். விதியளவில் அது சரியே. ஆனால் நாட்டிலே போர் உச்சத்தில் இருந்த அவ்வாண்டில், மலையகத் தமிழ்க் குடும்பத்துப் பிள்ளை ஒருவனுக்காகச் சிங்களத் தலைவர் ஒருவர் தம் பெயரையும் பதவியையும் பணயம் வைத்து நின்றார் என்ற காட்சியை விதிநூல் அளந்து காட்டாது.

2011ஆம் ஆண்டு இலண்டன் லோர்ட்ஸ் அரங்கில் குமார் சங்கக்கார ஆற்றிய உரை வேறொரு வகை. கிரிக்கெட் நிருவாகத்தின் சீர்கேட்டைப் பெயர் மறைத்தும் மறையாமலும் சொன்னார். 1983 கலவரத்தில் தம் பெற்றோர் கண்டி வீட்டிலே தமிழ்க் குடும்பங்களுக்குப் புகலிடம் கொடுத்ததை நினைவுகூர்ந்தார். ஆடிக்கொண்டிருக்கும் வீரர் ஒருவர் அங்ஙனம் பேசுதல் அரிது. அமைச்சர் சினந்தார், சபையோர் பாராட்டினர்.

பின்னர் 2022 வந்தது. எரிபொருளும் எரிவாயுவும் மருந்தும் இன்றி நாடு தவித்த அவ்வாண்டில் கிரிக்கெட் வீரர் பலர் வாய் திறந்தனர். ஆடிக்கொண்டிருந்த பானுக ராஜபக்சவும் வனிந்து ஹசரங்கவும் மக்கள் பக்கம் நின்று எழுதினார்கள். இந்தியாவில் ஆடுவோர் ஒரு வாரம் வேலையை விட்டுத் திரும்பி வந்து மக்களோடு நிற்கவேண்டும் என்று ரணதுங்க அறைகூவினார். சனத் ஜெயசூரிய காலிமுகத் திடலில் மக்களோடு நின்றார். ரொஷான் மகாநாம எரிபொருள் வரிசையில் நின்றவர்களுக்குத் தம் கையாலேயே தேநீரும் பணிசும் கொடுத்தார். இவர்கள் எல்லாரிலும் என் மனத்தில் நிற்பவர் தம்மிக்க பிரசாத். 2019ஆம் ஆண்டு உயிர்த்த ஞாயிறு அன்று கொல்லப்பட்டவர்களுக்கு நீதி வேண்டி, 2022 ஏப்பிரலில் காலிமுகத் திடலில் 24 மணிநேரம் உண்ணாதிருந்தார். நோன்பு இருப்பவர் பெரிய சொற்களைச் சொல்வதில்லை, அவரும் சொல்லவில்லை.

இவ்விடத்திலே யாழ்ப்பாணத்தில் ஒரு மனக்குறை உண்டு. ஆசிரியர் ஓய்வறையிலே நான் பலகாலும் கேட்டிருக்கிறேன். ‘காஸ் வரிசைக்கு எழும்பின குரல் முள்ளிவாய்க்காலுக்கு எழும்பினதோ?’ என்பர். எழுந்ததை நானும் கேட்கவில்லை. இக்குறையை மழுப்புவதற்கு எனக்கு மனமில்லை. தன் வீட்டு அடுப்பு அணைந்தபோதுதான் அயல்வீடு எரிந்தது தெரிகின்றது என்பது மனித இயல்பின் கீழான பகுதி. ஆனால் அவ்வளவில் நிறுத்திவிட்டால் நாம் நீதிபதிகளாகிச் சுகமாக இருந்துவிடலாம். அதே கேள்வியை நம்மை நோக்கித் திருப்பினால் என்ன ஆகும்? நமக்காக அவர்கள் நிற்கவில்லை என்கிறோமே, நம்முள் நமக்குக் கீழ் என்று நாம் வைத்திருப்போருக்காக நாம் நின்றோமா?

இந்தக் கட்டுரையை எழுதத் தூண்டிய செய்தி இங்கேதான் வருகின்றது. சென்ற ஆண்டு குடாநாட்டின் ஓர் ஊரிலே கோயில் திருவிழாவை ஒட்டி உதைபந்தாட்டச் சுற்றுப்போட்டி நடந்தது. ஊரின் பெயரை எழுதேன். எழுதினால் ஏனைய ஊர்கள் தப்பிவிடும். வெற்றி பெற்ற அணியில் மூவர், வாசகர் ஊகித்துக்கொள்ளத் தக்க குறிச்சியிலிருந்து வந்தவர்கள். பரிசளிப்புக் கோயில் மடத்துக்குள்ளே ஏற்பாடாகியிருந்தது. அம்மூவரும் உள்ளே வரக்கூடாது என்று ஒருவரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. நம்மூரில் இப்போது எவரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. 1957ஆம் ஆண்டுச் சட்டமும் 1968ஆம் ஆண்டு மாவிட்டபுரமும் நமக்குக் கற்பித்தது அவ்வளவுதான். ‘தம்பிமார், எல்லாருமாய் வந்து இடைஞ்சற்படாமல், கப்டனும் இன்னொராளும் வந்து கிண்ணத்தை வாங்கினாற் காணும்’ என்று ஒரு பெரியவர் அன்பாகச் சொன்னார். அந்த அன்பின் பொருள் பதினொருவருக்கும் விளங்கிற்று. கப்டன், மடத்துக்குள் தடையின்றி நடமாடக்கூடிய குடும்பத்துப் பிள்ளை. ‘பதினொரு பேரும் வருவம், ஐயா. இல்லாட்டில் கிண்ணம் உங்களிட்டையே இருக்கட்டும்’ என்றான். பதினொருவரும் மைதானத்து நடுவிலே போய் அமர்ந்துவிட்டார்கள். இருட்டும்வரை இருந்தார்கள். பிறகு எழுந்து வீட்டுக்குப் போனார்கள். அவ்வளவே நிகழ்ச்சி. கிண்ணம் இன்றும் மடத்து அலுமாரியில் இருக்கிறது.

இரண்டு நாள் கழித்து அப்பெரியவரும் இன்னும் இருவரும் என் வீட்டுக்கு வந்தனர். கப்டன் என்னிடம் தமிழ் படித்தவன். ‘பண்டிதர் ஐயா, உங்களிட்டைப் படிச்ச பொடியன். விளையாட்டுக்குள்ளை அரசியலைக் கொண்டுவாறான். நீங்கள்தான் புத்தி சொல்லவேணும்’ என்றார்கள். அத்தொடர் என் விறாந்தையிலும் வந்து இருந்துகொண்டது! மடத்துக்குள் ஏறும் காலை அளந்து பார்ப்பது அரசியல் அன்று. அளக்காதே என்பது அரசியல். நான் அவர்களுக்குத் தேநீர் கொடுத்தேன். அவன் தவறாக ஒன்றும் செய்யவில்லை என்றும், அவனுக்குச் சொல்ல என்னிடம் புத்தி இல்லை என்றும் சொன்னேன். தேநீரைக் குடியாமலே போனார்கள். அடுத்த பொதுக்கூட்டத்திலே கழகம் அவனைக் கப்டன் பொறுப்பிலிருந்து நீக்கிற்று. காரணம், ஒழுங்கீனம்.

ஒழுங்கீனம் என்ற சொல்லுக்கு இக்காலத்தில் நல்ல விலை. 2023ஆம் ஆண்டு சனவரியில் இந்தியாவின் மல்யுத்த வீரர்கள் வினேஷ் போகாட், சாக்ஷி மாலிக், பஜ்ரங் புனியா முதலியோர் புதுதில்லியில் சந்தர் மந்தரில் அமர்ந்தனர். மல்யுத்தச் சம்மேளனத்தின் அப்போதைய தலைவர் பிரிஜ் பூஷன் சரண் சிங் பெண் வீரர்களிடம் பாலியல் ரீதியாகத் தகாத முறையில் நடந்துகொண்டார் என்பது அவர்களின் குற்றச்சாட்டு, அவர் மறுத்தார். ஏப்பிரலில் அவர்கள் மீண்டும் வந்து அமர்ந்தபோது, ஒலிம்பிக் சங்கத் தலைவராகிய பி. டி. உஷா, தெருவில் இறங்குவது ஒழுங்கீனம், நாட்டின் பெயருக்கு இழுக்கு என்னும் பொருளிற் பேசினார். தாமே வறுமையிலிருந்து ஓடி எழுந்த பெண்மணி அவர். சில நாட்களின்பின் நேரே சென்று அவர்களைச் சந்தித்தார் என்பதையும் சொல்லவேண்டும். மே 28ஆம் திகதி பொலிசார் அவர்களைத் தரையில் இழுத்து அகற்றினர். மே 30ஆம் திகதி பதக்கங்களைக் கங்கையில் விடுவதற்கு ஹரித்துவாரம் சென்றார்கள். விவசாயத் தலைவர்கள் தடுத்து மீட்டனர். அவ்வாண்டு திசம்பரில் சம்மேளனத் தேர்தல் முடிவைக் கண்டு, ஒலிம்பிக்கில் பதக்கம் பெற்ற முதல் இந்தியப் பெண் மல்லராகிய சாக்ஷி, தம் பாதணியைக் கழற்றி மேசையில் வைத்து, இனி ஆடேன் என்று எழுந்தார்.

நாட்டின் பெயருக்கு இழுக்கு நேர்ந்தது உண்மை. யாரால் நேர்ந்தது என்பதிலேதான் வழக்கு. பிள்ளை அழுததனால் வீட்டுக்கு மானக்கேடு என்று சொல்லும் தகப்பன், அடித்த கையைப் பற்றிப் பேசுவதில்லை.

எதிர்ப்பு என்று எழும் எல்லாக் குரலையும் நான் ஏற்றுக்கொள்கிறேன் என்று வாசகர் கருதவேண்டாம். விளம்பர நிறுவனம் எழுதிக் கொடுத்த வாசகத்தை மேற்சட்டையில் தரித்து வருவதும், ஊர் முழுவதும் ஒரு பக்கம் சாய்ந்தபின் தானும் சாய்ந்து படம் எடுப்பித்துக்கொள்வதும் என்னை அசைப்பதில்லை. என்ன இழந்தான் என்று பார்ப்பது ஓர் அளவுகோல்தான். 2003ஆம் ஆண்டு உலகக் கிண்ணப் போட்டியில் சிம்பாப்வே வீரர் அன்டி பிளவரும் ஹென்றி ஒலொங்காவும், தம் நாட்டில் சனநாயகம் இறந்துவிட்டது என்று அறிவித்துக் கையில் கறுப்புப் பட்டி அணிந்து ஆடினார்கள். ஒருவர் வெள்ளையர், ஒருவர் கறுப்பர். இருவரும் நாட்டை விட்டுப் போகவேண்டியதாயிற்று. ஆயினும் இவ்வளவுகோலை இறுகப் பிடித்தால் அதுவும் கொடுமையாக முடியும். பார்வையாளராகிய நாம் மர நிழலில் இருந்துகொண்டு, ஓடுகிற பிள்ளையிடம், ‘நீ பாழானால் உன்னை நம்புவேன்’ என்று சொல்வதற்கு ஒப்பாகும். நோர்மனைப் போல ஒரு சின்னத்தைக் குத்திக்கொண்டு பேசாமல் நிற்பதும் போதும்.

‘இவையெல்லாம் பெரிய வீரர் காரியம், பாடசாலைப் பிள்ளைகளுக்கு இவற்றை ஏன் சொல்லவேண்டும்? அவர்கள் கீழ்ப்படிதலைக் கற்கட்டும்’ என்று சக ஆசிரியர் ஒருவர் என்னிடம் சொன்னார். அவருக்கு நம் ஊரின் வரலாற்றை நினைவூட்டுவேன். 1924ஆம் ஆண்டில் மாணவர் காங்கிரசாகத் தொடங்கிப் பின்பு வாலிபர் காங்கிரஸ் என்று பெயர்பெற்ற இயக்கத்தை நடத்தியவர் யாவர்? ஹன்டி பேரின்பநாயகம் முதலிய ஆசிரியர்களும் அவர்களுடைய மாணவர்களுமே. சாதி வேற்றுமையின்றிப் பிள்ளைகள் பாடசாலையிற் சமமாக இருக்கவேண்டும், ஒரே பந்தியில் உண்ணவேண்டும் என்று அவர்கள் நின்றார்கள். முழுச் சுதந்திரம் தராத அரசியல் யாப்பை ஏற்கோம் என்று 1931ஆம் ஆண்டுத் தேர்தலைப் பகிஷ்கரிக்கச் செய்து, வடக்கில் நான்கு தொகுதிகளை வெறுமையாக்கினார்கள். அப்பகிஷ்காரம் நன்மை தந்ததா தீமை தந்ததா என்பதில் அபிப்பிராய பேதம் உண்டு. ஆனால் ‘ஆடமாட்டோம்’ என்று சொல்லும் பழக்கம் இந்த மண்ணுக்குப் புதிதன்று. அதைக் கற்பித்தோர் வாத்தியார்மாரே என்பதில் பேதம் இல்லை.

அந்தக் கப்டன் சில மாதங்களுக்கு முன் என்னிடம் நற்சான்றிதழ் கேட்டு வந்தான். ஏதோ உத்தியோகத்துக்கு விண்ணப்பிக்கிறானாம். ‘கழகத்தில் நடந்ததைப் பற்றி ஒன்றும் எழுதிப்போடாதேயுங்கோ, சேர்’ என்றான். அவன் பயம் நியாயமானதே. நான் அதை எழுதினேன். ஒரு வாக்கியத்திலே, இன்ன திகதியில், இன்ன காரணத்துக்காக, தன் அணியினர் மூவர் பொருட்டுக் கிண்ணத்தை வாங்க மறுத்தான் என்று எழுதிக் கையொப்பமிட்டேன். வாசித்துப் பார்த்துவிட்டுச் சற்றுநேரம் பேசாமல் இருந்தான். பிறகு மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டான்.

அதிபர்களுக்கும் உடற்கல்வி ஆசிரியர்களுக்கும் ஒரு விண்ணப்பம். நம் பாடசாலை விளையாட்டு விழாக்களில் மாணவத் தலைவர் உரை என்று ஒன்று உண்டு. அதனை எழுதுபவர் பெரும்பாலும் தமிழாசிரியர். பிள்ளை மனனஞ் செய்து ஒப்புவிக்கும். நானே அத்தகைய உரைகள் பல எழுதிக் கொடுத்திருக்கிறேன். எல்லாவற்றிலும் நன்றி உண்டு, வேறு எதுவும் இல்லை. வெற்றி பெற்ற இல்லத்தின் தலைவனோ தலைவியோ இரண்டு நிமிடம் தன் சொந்த வாக்கிலே பேசட்டும். நாம் முன்கூட்டியே வாங்கிப் பார்க்கவேண்டாம். பெரும்பாலான பிள்ளைகள் தாய் தந்தையருக்கும் பயிற்றுவித்தவருக்கும் நன்றி சொல்லிவிட்டு இறங்குவார்கள். யாரேனும் ஒரு பிள்ளை, குடிநீர்க் குழாய் ஏன் ஒரு பக்கத்தாருக்கு மட்டும் எட்டுகின்றது என்றோ, அஞ்சல் ஓட்டத்தில் ஓடிய தோழி ஏன் சப்பாத்தின்றி ஓடினாள் என்றோ கேட்கலாம். பிரதம விருந்தினர் அரைமணி நேரம் பேசுகின்ற இடத்தில் இரண்டு நிமிடம் பெரிதன்று. வருகிற தை மாதப் போட்டிகளுக்கு நிகழ்ச்சி நிரல் அச்சிடுமுன் இதனை எண்ணிப் பார்ப்பார்களாக.